ஓவன் இல்லாமல் ஒரு கஸ்டர்டு அடுக்கு: செய்முறையும் காரணமும்

சமையல் கைப்பழக்கத்தால் வருவது. அதற்கு நூலறிவு எதற்கு என்று கேட்போர் உளர். கைப்பழக்கம் வேண்டியதே. ஆயினும், ஒரு பண்டம் ஏன் கெட்டிப்படுகிறது, ஏன் நீர் விடுகிறது, ஒரு வீட்டில் நிமிர்ந்து நின்றது மற்றொரு வீட்டில் ஏன் சரிந்தது என்னும் கேள்விகளுக்குக் கைப்பழக்கம் மட்டும் விடை தருவதில்லை. காரணம் அறிந்தவர், ஒரு பொருள் கிடைக்காதபோது அதன் இடத்தில் வேறொன்றை வைத்துக் காரியத்தை முடித்துக்கொள்வார். அறியாதவர் செய்முறைத் தாளைக் குறை சொல்லி அமைந்துவிடுவார்.

இக்கருத்தை விளக்க இக்கட்டுரை ஓர் எளிய இனிப்பை எடுத்துக்கொள்கிறது. அது கஸ்டர்டு அடுக்கு. இருபுறமும் பொரபொரப்பான மாத்தகடு, நடுவில் வெட்டினால் நிற்கக்கூடிய கெட்டியான கஸ்டர்டு, மேலே சர்க்கரைப் பூச்சு: இதுவே அதன் அமைப்பு. ஆஸ்திரேலியாவில் இதற்கு வெனிலா சிலைஸ் என்று பெயர். நியூசிலாந்தில் கஸ்டர்டுச் சதுரம் என்பர். விக்டோரியா மாநிலத்தின் ஊயன் என்னும் சிற்றூர் 1998ஆம் ஆண்டில் இப்பண்டத்திற்கென்றே ஒரு போட்டியைத் தொடங்கியது. பின்னர் அப்போட்டி மெர்பின் என்னும் ஊருக்கு மாறியது. ஐரோப்பாவிலும் இதற்கு உறவினர் உண்டு. சுலோவேனியா நாட்டின் பிளெட் ஏரிக்கரையில் 1953 முதல் செய்யப்பட்டுவரும் கிரெம்ஷ்னிட்டா என்பது நீளம், அகலம், உயரம் மூன்றும் 7 செ.மீ. கொண்ட கனசதுரம்.

இந்த அடுக்கை முறைப்படி செய்வது எளிதன்று. மாவையும் வெண்ணெயையும் மாறிமாறி மடித்துத் தேய்க்க வேண்டும். ஒவ்வொரு முறையும் மூன்றாக மடித்து ஆறு முறை தேய்த்தால் வெண்ணெய்ப் படலம் 729 ஆகப் பெருகும். பிறகு அதனைச் சூடான ஓவனில் சுட வேண்டும். நம் நாட்டு வெப்பத்தில் வெண்ணெய் உருகி மாவோடு கலந்துவிடுவதால், படலம் படலமாக எழ வேண்டிய தகடு வெறும் ரொட்டியாகிவிடும். ஆகவேதான் ஆஸ்திரேலிய இல்லத்தரசியர் சுடும் வேலையையே விட்டுவிட்டு, கடையில் விற்கும் ‘லாட்டிஸ்’ என்னும் படல பிஸ்கட்டை மேலும் கீழும் வைத்து, நடுவில் பொட்டலத்து மாவில் ஆக்கிய கஸ்டர்டை ஊற்றிக் குளிர்ப்பெட்டியில் வைக்கும் வழியைக் கைக்கொண்டனர்.

இதனைக் குறுக்குவழி என்று இகழ வேண்டியதில்லை. ஆனால் அவ்வழியில் பயன்படும் ஒவ்வொரு பொட்டலத்திலும் என்ன இருக்கிறது என்று நாம் அறிந்திருக்க வேண்டும். மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் ஒரு விருந்து மேசையைச் சுற்றி அமர்வோர் ஒரே வகையினர் அல்லர். ஊன் உண்ணாத சைவர் இருப்பர். ஹலால் அல்லாததைத் தொடாத முஸ்லிம் நண்பர் இருப்பர். முட்டை ஒவ்வாத குழந்தையும் இருக்கும். இனிப்பை வைத்துவிட்டு, மூவரும் தத்தம் கையை மடக்கிக்கொண்டு அமர்ந்திருக்கப் பார்ப்பது விருந்தோம்பல் ஆகாது. இம்மூவரும் உண்ணத்தக்க ஓர் அடுக்கை ஆக்க முடியுமா என்பதே நம் கேள்வி.

பெயரின் வரலாறு

கஸ்டர்டு என்னும் ஆங்கிலச் சொல், பழைய பிரெஞ்சுச் சொல்லின் வழியாக வந்தது. அதன் வேர் ‘மேலோடு’ எனப் பொருள்படும் இலத்தீனச் சொல். இடைக்கால இங்கிலாந்தில் அது பாலும் முட்டையும் பிறவும் நிரப்பிச் சுட்ட, மாவோடு கூடிய பண்டத்தைக் குறித்தது. காலப்போக்கில் ஓடு மறைந்தது. உள்ளிருந்த பாற்கலவைக்கே பெயர் நிலைத்தது. இன்று அடுக்கு என்ற வடிவில் அக்கலவை மீண்டும் தன் ஓட்டைப் பெற்றுக்கொண்டது எனலாம். சொற்பொருள் மாறுவதற்கு எடுத்துக்காட்டுத் தேடும் தமிழாசிரியர் இதனையும் குறித்துக்கொள்ளலாம்.

முட்டை நீங்கிய கஸ்டர்டு

முதலில் கஸ்டர்டைக் கெட்டியாக்கியது முட்டையே. முட்டையின் புரதம் சூட்டில் ஒன்றோடொன்று பிணைந்து பாலைத் தன்னுள் பிடித்துக்கொள்கிறது. ஆனால் சூடு சற்று மிகுந்தாலும் புரதம் இறுகிச் சுருங்கிவிடும்; பால் திரிந்தாற்போல் ஆகிவிடும். இதனால் முட்டைக் கஸ்டர்டு மிகுந்த கவனம் வேண்டும் வேலையாயிற்று.

1837ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் பர்மிங்காம் நகரில் மருந்துக் கடை நடத்திய ஆல்பிரட் பேர்டு என்பவர் இதற்கு மாற்றுக் கண்டார். அவர் மனைவிக்கு முட்டை ஒத்துக்கொள்ளாது. கஸ்டர்டில் அவருக்கோ விருப்பம். ஆகவே பேர்டு, சோள மாவை அடிப்படையாகக் கொண்டு முட்டை சேராத ஒரு பொடியைக் கலந்தார். இன்று நாம் வாங்கும் கஸ்டர்டு மாவு அதன் வழிவந்ததே. அதில் இருப்பது சோள மாச்சத்து, சிறிது உப்பு, மஞ்சள் நிறம், வெனிலா மணம் ஆகியவை. மஞ்சள் நிறத்தைக் கண்டு முட்டை கலந்தது என்று ஒதுக்குவோர் உண்டு. வழக்கமான கஸ்டர்டு மாவில் முட்டை இல்லை. எனினும் பொட்டலத்தின் மேல் அச்சிட்டிருப்பதை ஒருமுறை படித்துப் பார்ப்பது நன்று. ஒருவரின் ஒவ்வாமைக்காகப் பிறந்த பொருள் உலகெங்கும் சமையலறைகளில் இடம்பெற்றதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

கஞ்சி தடிப்பது எங்ஙனம்?

மாச்சத்து தடிப்பதைத் தமிழர்க்கு எவரும் புதிதாகக் கற்பிக்க வேண்டியதில்லை. கஞ்சி, கூழ், களி என்று அதன் பதங்களுக்கு நாம் பெயரே வைத்திருக்கிறோம். நீர் மிகுந்து ஓடினால் கஞ்சி; கரண்டியில் தங்கினால் கூழ்; உருட்டினால் நின்றால் களி. ஆங்கிலத்தில் அரிசிக் கஞ்சியைக் குறிக்கும் ‘காஞ்சி’ என்னும் சொல்லே நம்மிடமிருந்து போனதுதான். சலவைத் துணியை விறைப்பாக்கும் கஞ்சியும் இம்மாச்சத்தே.

சோள மாச்சத்து மிக நுண்ணிய மணிகளாக இருக்கிறது. குளிர்ந்த நீரில் இம்மணிகள் கரைவதில்லை. கலங்கி நின்று பின் அடியில் படியும். நீர் ஏறத்தாழ 62 முதல் 72 பாகை செல்சியஸ் சூட்டை அடையும்போது மணிகள் நீரை உறிஞ்சிப் பருத்து, தம்முள் இருந்த நீண்ட இழைகளை வெளிவிடுகின்றன. பருத்த மணிகள் இடத்தை நிரப்ப, இழைகள் நீரைத் தடுக்க, பால் தடிக்கிறது. ஆறும்போது அவ்விழைகள் மீண்டும் ஒன்றையொன்று பற்றி வலையாகப் பின்னிக்கொள்கின்றன. அப்போது கூழ் களியாகிறது. கஸ்டர்டு அடுப்பின்மேல் சற்றுத் தளர்வாகத் தோன்றினும் ஆறியபின் நிற்பது இதனால்தான்.

இதிலிருந்து மூன்று விதிகள் பிறக்கின்றன. மாவை நேரே சூடான பாலில் கொட்டக் கூடாது. கொட்டினால் ஒவ்வொரு கட்டியின் புறத்திலும் உள்ள மாவு உடனே வெந்து மூடிக்கொள்ளும். உள்ளே உலர்ந்த மாவு அப்படியே கிடக்கும். ஆகவே குளிர்ந்த பாலில் முதலில் கரைக்க வேண்டும். இரண்டாவது, தடித்தவுடன் இறக்கிவிடாமல், குமிழிகள் எழ இரண்டு நிமிடம் கொதிக்கவிட வேண்டும். இன்றேல் பச்சை மாவு வாடை போகாது. முட்டை மஞ்சட்கருவைச் சேர்த்துக்கொள்ள விரும்புவோர்க்கு இவ்விதி இன்னும் இன்றியமையாதது. மஞ்சட்கருவில் மாச்சத்தை அறுக்கும் நொதி ஒன்று உள்ளது. கொதியில் அது அழியாவிடில், இரவு கெட்டியாக இருந்த கஸ்டர்டு காலையில் நீர்த்துக் கிடக்கும். மூன்றாவது, களியாக இறுகியபின் கிளறக் கூடாது. கிளறினால் பின்னிய வலை அறுந்துபோகும்.

அடுப்பே வேண்டாத பொட்டலம்

குளிர்ந்த பாலில் கலக்கினாலே கெட்டிப்படும் ‘உடனடிப் புட்டிங்’ பொட்டலமும் கடைகளில் உண்டு. ஆஸ்திரேலியச் செய்முறைகளிற் பல இதனையே பயன்படுத்துகின்றன. முன்னரே வேகவைத்து உலர்த்திய மாச்சத்து இதில் இருப்பதால் மீண்டும் வேகவைக்க வேண்டியதில்லை. இதனோடு சேர்ந்துள்ள பாஸ்பேட் உப்புகள், பாலின் புரதமும் சுண்ணச்சத்தும் கூடிக் கட்டிப்படத் துணைசெய்கின்றன. இக்காரணத்தாலேயே பசும்பாலுக்குப் பதிலாகச் சோயாப் பாலையோ தேங்காய்ப் பாலையோ ஊற்றினால் இப்பொட்டலம் எதிர்பார்த்தபடி இறுகுவதில்லை. கஸ்டர்டு மாவுக்கு அந்தக் கட்டுப்பாடு இல்லை. அது எந்தப் பாலிலும் தடிக்கும். ஆதலின், பத்து நிமிடம் அடுப்பருகே நிற்க மனம் உள்ளவர்க்குக் கஸ்டர்டு மாவே நம்பத்தக்கது.

ஊன்பசையா, கடற்பாசியா?

வெட்டினால் விளிம்பு சரியாமல் நிற்க, பலர் கஸ்டர்டில் ஜெலட்டின் சேர்க்கின்றனர். நம் மேசையின் சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. ஜெலட்டின் விலங்குகளின் தோலையும் எலும்பையும் காய்ச்சி எடுக்கும் பசை. தமிழில் ஊன்பசை என்பது பொருந்தும். பன்றியிலிருந்தும் எடுக்கப்படுகிறது, மாட்டிலிருந்தும் எடுக்கப்படுகிறது. ஆகவே சைவர்க்கு அது முற்றும் ஆகாது. முஸ்லிம்கள், மலேசியாவில் ஜாக்கிம், சிங்கப்பூரில் முயிஸ் அமைப்பின் ஹலால் முத்திரை இருந்தாலன்றி ஏற்கத் தயங்குவர். மாட்டு எலும்பிலிருந்து எடுத்ததாயின் இந்து அன்பர் பலர் ஒதுக்குவர்.

சமயத்தை ஒருபுறம் வைத்தாலும், நம் தட்பவெப்பம் ஜெலட்டினுக்கு உகந்ததன்று. அது ஏறத்தாழ 30 முதல் 35 பாகைச் சூட்டிலேயே உருகத் தொடங்கும். வாயில் வைத்ததும் கரையும் இனிமை அதனால் வருவதே. ஆனால் குளிர்நாட்டில் வாயில் கரைவது, கோலாலம்பூரின் நண்பகலில் தட்டிலேயே கரைந்துவிடும்.

மாற்று நம் கண்முன்னே இருக்கிறது. அகார் அகார் என்னும் கடற்பாசிப் பசை சிவப்புப் பாசி இனங்களிலிருந்து எடுக்கப்படுவது. ‘அகார்’ என்று உலக மொழிகள் பல வழங்கும் அச்சொல் மலாய் மொழி ஈந்தது. அது கொதிநீரில் கரைந்து, 32 முதல் 40 பாகை வரை ஆறும்போது இறுகும். இறுகியபின் மீண்டும் உருக ஏறத்தாழ 85 பாகைச் சூடு வேண்டும். கரைந்த சூடு வேறு, இறுகும் சூடு வேறு என்ற இவ்விடைவெளியே அதன் சிறப்பு. வெயில் படும் மேசையில் வைத்தாலும் அது உருகாது.

இப்பண்பின் பயன் சமையலறையோடு நிற்கவில்லை. ஜெர்மானிய அறிஞர் ராபர்ட் காக்கின் ஆய்வுக்கூடத்தில் பணியாற்றிய வால்தர் ஹெசே, கிருமிகளை ஜெலட்டின் மேல் வளர்க்க முயன்று, அது கோடை வெப்பத்தில் உருகுவதால் இடர்ப்பட்டார். அவர் மனைவி ஃபன்னி ஹெசே, தம் வீட்டுப் பழக்கூழும் புட்டிங்கும் வெயிலில் உருகாமல் நிற்கக் காரணமான அகாரைப் பயன்படுத்துமாறு 1881இல் சொன்னார். ஜாவாவில் வாழ்ந்திருந்த ஓர் அண்டைவீட்டாரிடமிருந்து அவர் அதனை அறிந்திருந்தார். காக் காசநோய்க் கிருமியைப் பற்றி 1882இல் எழுதிய கட்டுரையில் அகார் இடம்பெற்றது. அவ்வம்மையாரின் பெயர் இடம்பெறவில்லை. இன்றும் மருத்துவ ஆய்வுக்கூடங்களில் கிருமி வளர்க்கும் தட்டுகளில் இருப்பது அகாரே. நம் வட்டாரச் சமையலறையின் அறிவு இங்ஙனம் உலகின் நோய் ஆராய்ச்சிக்குத் துணை நின்றது.

ஓட்டுக்கு என்ன செய்வது?

லாட்டிஸ் கிடைக்காத இடத்தில், நம் கடைகளில் மலிந்து கிடக்கும் சதுரக் கிரீம் கிராக்கரே போதும். 1885இல் அயர்லாந்தின் ஜேக்கப் நிறுவனம் செய்யத் தொடங்கிய இந்தப் பிஸ்கட்டும் மாவை மடித்து மடித்துத் தேய்த்து ஆக்குவதே. ஆகவே இது அந்தப் படலத் தகட்டுக்கு ஏழை உறவினர் எனலாம். இனிப்பில்லாத அதன் இலேசான உப்புச்சுவை, கஸ்டர்டின் இனிப்பை எடுத்துக்காட்டும்.

தேவையான பொருள்கள்

20 செ.மீ. சதுரப் பாத்திரம் ஒன்றுக்கு:

சதுரக் கிரீம் கிராக்கர்: அடியில் 9, மேலே 9 (பாத்திரத்துக்கு ஏற்பக் கூட்டிக் குறைக்கலாம்)
பால்: 750 மி.லி.
கஸ்டர்டு மாவு: 75 கிராம்
சர்க்கரை: 100 கிராம்
அகார் அகார்ப் பொடி: 2 கிராம்
தண்ணீர்: 150 மி.லி.
வெண்ணெய்: 30 கிராம்
உப்பு: ஒரு சிட்டிகை
மேற்பூச்சுக்கு: தூள் சர்க்கரை 120 கிராம், எலுமிச்சைச் சாறு அல்லது மார்கிசாப் பழச்சதை ஒரு மேசைக்கரண்டி

சர்க்கரைக்குப் பதிலாக 200 கிராம் இனிப்புக் கெட்டிப்பாலைச் சேர்க்கலாம். டின்னை வாங்குமுன் எழுத்தைப் படிக்க வேண்டும். பால் என்று நாம் எண்ணி வாங்கும் டின்கள் பலவற்றில் செம்பனை எண்ணெய் கலந்த இனிப்புக் கிரீமரே இருக்கிறது. இனிப்பு வரும், பாலின் சுவை அவ்வளவாக வராது.

செய்யும் முறை

பாத்திரத்தில் மெழுகுத்தாளை, இருபுறமும் வெளியே நீண்டிருக்குமாறு விரிக்கவும். பின்னர் தூக்கி எடுக்க அதுவே கைப்பிடி. அடியில் கிராக்கர்களை வரிசைக்கு மூன்றாக, மூன்று வரிசை அடுக்கவும்.

150 மி.லி. பாலைத் தனியே எடுத்துக் குளிர்ந்த நிலையிலேயே கஸ்டர்டு மாவைக் கட்டியில்லாமல் கரைத்துக்கொள்ளவும். மீதிப் பாலைச் சர்க்கரை, உப்புடன் அடுப்பில் ஏற்றவும். அதே வேளையில் வேறொரு சிறு பாத்திரத்தில் தண்ணீரில் அகார்ப் பொடியைத் தூவி, கலக்கிக்கொண்டே இரண்டு மூன்று நிமிடம் கொதிக்கவிடவும். பொடியின் மணிகள் கண்ணுக்குத் தெரியாமல் கரைந்திருக்க வேண்டும்.

பால் கொதிக்கத் தொடங்கும்போது தீயைத் தணித்து, கரைத்த மாவை மீண்டும் ஒருமுறை கலக்கி ஊற்றவும். மாவு அடியில் படிந்திருக்கும் என்பதை மறக்கலாகாது. அடிபிடிக்காமல் கிளறிக்கொண்டே இருக்கவும். தடித்துக் குமிழிகள் எழுந்தபின் இரண்டு நிமிடம் பொறுத்து, சூடான அகார்க் கரைசலைச் சேர்த்துக் கலக்கி இறக்கவும். வெண்ணெயைப் போட்டுக் கரைக்கவும்.

ஐந்து நிமிடம் மெல்லக் கிளறி ஆவி தணிந்தபின் கிராக்கரின்மேல் ஊற்றவும். மிகவும் ஆறவிட்டால் அகார் பாத்திரத்திலேயே இறுகிவிடும். மேலே மீதிக் கிராக்கர்களை அடித்தட்டின் கோடுகளுக்கு நேராக வைத்து இலேசாக அழுத்தவும். ஆவி போனபின் மூடிக் குளிர்ப்பெட்டியில் ஆறு மணி நேரமேனும் வைக்கவும். ஓரிரவு வைத்தால் கிராக்கர் கஸ்டர்டின் ஈரத்தை வாங்கிக் கேக்குப் போல் மெத்தெனப் பதமாகும்.

மறுநாள் தூள் சர்க்கரையைச் சாற்றில் குழைத்து மேலே தடவி, அது காய்ந்ததும் தாளைப் பிடித்துத் தூக்கி, கூரிய கத்தியால் கிராக்கர்களுக்கு இடையிலான கோட்டின் வழியே வெட்டவும். கிராக்கரின் குறுக்கே வெட்டினால் கத்தியின் அழுத்தத்தில் கஸ்டர்டு பிதுங்கும். கோட்டின் வழியே வெட்டினால் ஒன்பது துண்டுகள் ஒழுங்காக வரும்.

சில எச்சரிக்கைகள்

எலுமிச்சைச் சாற்றைக் கஸ்டர்டோடு சேர்த்துக் கொதிக்கவைக்கக் கூடாது. புளிப்பு மாச்சத்தை அறுத்துத் தளர்த்திவிடும், பாலையும் திரிக்கும். புளிப்பின் இடம் மேற்பூச்சே. மேலே அன்னாசித் துண்டு வைக்க விரும்புவோர், ஜெலட்டின் சேர்த்த கஸ்டர்டாயின் டின் அன்னாசியையே வைக்க வேண்டும். பச்சை அன்னாசியிலும் பப்பாளியிலும் புரதத்தை அறுக்கும் நொதிகள் உள்ளன. ஜெலட்டின் புரதமாதலால் நீராகிவிடும். டின்னில் அடைக்கும்போது சூடு அந்நொதியை அழித்துவிடுகிறது. அகார் புரதம் அன்று; ஆகவே அகார் சேர்த்த அடுக்கில் ஜொகூர் அன்னாசியைப் பச்சையாகவே வைக்கலாம்.

உறைபெட்டியில் வைத்து உறையவிடலாகாது. உறைந்து இளகும்போது மாச்சத்து வலை சிதைந்து நீர் கசியும். பாலும் மாவும் சேர்ந்த பண்டம் நம் வெப்பத்தில் விரைவில் கெடும். இரண்டு மணி நேரத்திற்குமேல் வெளியே வைக்க வேண்டா. குளிர்ப்பெட்டியிலும் மூன்று நாளுக்குள் தீர்த்துவிட வேண்டும். பாலோ கோதுமையோ ஒவ்வாதவர்க்கு இது ஆகாது என்பதையும் மேசையருகே சொல்லிவிட வேண்டும்.

வகுப்பறைக்கு

அறிவியலைத் தமிழில் கற்பிக்கும் ஆசிரியர்க்கு இதில் ஒரு பாடம் இருக்கிறது. ஒரு கிண்ணத்தில் ஜெலட்டினும் மற்றொன்றில் அகாரும் இறுகவைத்து, நண்பகலில் வெயில் படும் சன்னலில் இரண்டையும் வைத்துப் பார்க்கச் சொல்லலாம். ஒன்று உருக, ஒன்று நிற்பதைக் கண்ட மாணவன் உருகுநிலை என்னும் சொல்லை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. குளிர்ந்த நீரில் மாவைக் கரைத்து ஒரு பகுதியை அப்படியே வைத்து, மறுபகுதியைக் காய்ச்சினால், படிவதும் தடிப்பதும் அருகருகே புலனாகும். கஞ்சி, கூழ், களி என்னும் வீட்டுச் சொற்களிலிருந்து தொடங்கி மாச்சத்து, நொதி, புரதம் என்னும் நூற்சொற்களுக்குச் செல்வது, தெரிந்ததிலிருந்து தெரியாததற்குச் செல்லும் வழியாகும்.

அயல்நாட்டுப் பண்டம் ஒன்றை அதன் காரணத்தோடு அறிந்துகொண்டால், அதனை நம் வெப்பத்திற்கும் நம் கடைச்சரக்கிற்கும் நம் விருந்தினரின் நெறிக்கும் ஏற்ப மாற்றிக்கொள்ள இயலும். முட்டை நீங்கியது; ஊன்பசை நீங்கியது; ஓவன் நீங்கியது. அடுக்கு மட்டும் நிற்கிறது. அடுத்த திருநாளில் ஒருமுறை செய்து பாருங்கள். கிராக்கரிலும் வெண்ணெயிலும் ஹலால் முத்திரை இருக்கிறதா என்று பார்த்து வாங்கியிருந்தால், சைவரும் முஸ்லிம் நண்பரும் முட்டை ஒவ்வாத குழந்தையும் ஒரே தட்டிலிருந்து எடுத்து உண்ணலாம்.